வில்லையா, ஆடியா? – மெல்பேர்ண் பெரிய தொலைகாட்டியின் கதை

போன தைப்பொங்கல் நிகழ்ச்சி முடிந்து மண்டபத்தில் கதிரைகளை அடுக்கிக்கொண்டு நின்றபோது எங்கட சங்கத்து அண்ணை ஒருவர் என்னைப் பக்கத்தில் கூப்பிட்டார். "தம்பி, நீர் ஏ.எல். கணிதப் பிரிவு படிச்சனீர்தானே. பிள்ளைக்குப் பத்து வயசாகுது. பிறந்தநாளுக்கு நட்சத்திரம் பாக்கிற தொலைகாட்டி வேணும் எண்டு நிக்கிறாள். வில்லை வைச்சதும் இருக்காம், கண்ணாடி வைச்சதும் இருக்காம். எது நல்லது?" என்று கேட்டார். படித்து வருஷம் பதினைந்தாகி விட்டது. வில்லைச் சூத்திரமும் குழிவாடிப் படமும் மங்கலாக ஞாபகம் இருந்ததே தவிர, நானூறு டொலரைக் கையில் வைத்துக்கொண்டு நிற்கும் மனிசனுக்குச் சொல்லக்கூடிய மறுமொழி என்னிடம் இருக்கவில்லை. பாத்துச் சொல்லுறன் என்று வந்துவிட்டேன்.

பார்க்கப் போன இடத்தில்தான் இந்தக் கதை அகப்பட்டது. இதே கேள்வியை 160 வருஷங்களுக்கு முதல் இந்த நாட்டில் வேறு ஆக்களும் கேட்டிருக்கிறார்கள். அவர்கள் கையில் இருந்தது நானூறு டொலர் அல்ல, 5,000 பவுண். அண்ணைக்குச் சொன்னதை இந்தப் புத்தாண்டு மலரிலும் எழுதித் தாரும் என்று சங்கத்தார் கேட்டபடியால் எழுதுகிறேன்.

தொலைகாட்டி என்றால் தூரத்துச் சாமானைப் பெரிதாக்கிக் காட்டுவது என்றுதான் நாங்கள் நினைக்கிறோம். பெரிதாக்குவது பிறகு நடக்கிற வேலை. முதல் வேலை ஒளியைச் சேர்ப்பது. மழை பெய்யும்போது முற்றத்தில் பேணி வைத்தால் பேணியளவு தண்ணீர், கிடாரம் வைத்தால் கிடாரமளவு தண்ணீர். வாய் எவ்வளவு அகலமோ அவ்வளவு சேரும். அந்த வாயில் வில்லையை வைத்து ஒளியை முறித்துச் சேர்ப்பது ஒரு வகை. அடியில் குழிவாடியை வைத்து ஒளியைத் தெறிக்கச் செய்து சேர்ப்பது மற்ற வகை. 1609 இல் கலிலியோ வானத்துக்குத் திருப்பியது வில்லைத் தொலைகாட்டி. 1668 இல் நியூட்டன் செய்தது ஆடித் தொலைகாட்டி.

நியூட்டன் ஏன் ஆடிக்குப் போனார் என்றால், வில்லை எல்லா நிறத்தையும் ஒரே இடத்தில் சேர்க்காது. பிரகாசமான நட்சத்திரத்தைச் சுற்றி நீலமும் சிவப்புமாகக் கரை கட்டும். இரண்டு விதக் கண்ணாடியைச் சேர்த்து இந்தக் குறையைப் பெருமளவு போக்கிய வில்லையை 1758 இல் லண்டனில் டொலண்ட் என்பவர் தன் பெயருக்கு உரிமைப்படுத்திக்கொண்டார். அதற்குப் பிறகும் வில்லைக்கு வேறு தொல்லை இருந்தது. ஒளி அதனூடாகப் போக வேண்டும், ஆகவே உள்ளே ஒரு குமிழோ கோடோ இருக்கக்கூடாது. விளிம்பில் மட்டும்தான் அதைப் பிடிக்கலாம், நடுவில் தாங்கு கொடுக்க முடியாது. பெரிதானால் தன் பாரத்திலேயே வளையும். ஆடிக்கு ஒரு முகம் மட்டும் சரியாக இருந்தால் காணும். பின்பக்கம் முழுக்கத் தாங்கு கொடுக்கலாம். நிறக்கரை கிடையாது. ஆனால் முன்னால் வைக்கும் சின்ன ஆடி கொஞ்ச ஒளியை மறைக்கும், திறந்த குழாய்க்குள் தூசியும் பனியும் போகும், ஆடி இடம் விலகினால் படம் கலங்கும். எல்லாவற்றையும் விடப் பெரிய பிரச்சினை, நியூட்டன் காலத்தில் ஆடி என்றால் உலோகம்.

வில்லையின் நல்ல பக்கத்தைப் பார்க்க நாங்கள் கனதூரம் போகத் தேவையில்லை. வில்லாவுட்டில் இருந்து கிட்டத்தில்தான் பரமற்றா பூங்கா. பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு எத்தனையோ தரம் போயிருப்போம். அங்கே 1822 இல் ஆளுநர் பிரிஸ்பேன் தன் சொந்தச் செலவில் வானாய்வுக்கூடம் கட்டினார். கருவிகள் வைத்த கல்தூண்கள் இன்றும் நிற்கின்றன, நாங்கள்தான் கவனிக்காமல் போகிறோம். இன்னும் வடமேற்கே போனால் வின்ட்சர். அங்கே ஜோன் டெபட் என்றொரு கமக்காரர் இருந்தார். 1861 மே மாதத்தில், 26 வயதில், கப்பல்காரர் பாவிக்கும் சின்னத் தொலைகாட்டியை மட்டும் வைத்துக்கொண்டு ஒரு பெரிய வால்வெள்ளியைக் கண்டுபிடித்தார். அதே வருஷம் மூன்றேகால் அங்குல வில்லைத் தொலைகாட்டி ஒன்று வாங்கினார். 1881 இல் இன்னொரு பெரிய வால்வெள்ளியையும் முதலில் கண்டவர் அவர்தான். தன் காணியில் தானே கூடம் கட்டி, வருஷக் கணக்காகத் தனியே வேலை செய்தார். 1984 முதல் 1996 வரை புழங்கிய நூறு டொலர்த் தாளின் பின்பக்கத்தில் இருந்த தாடிக்காரர் அவர்தான். முந்தி வந்த அண்ணாமார் கண்டிருப்பினம், காசைச் செலவழிக்கும் அவசரத்தில் முகத்தைப் பார்த்தார்களோ தெரியாது.

டெபட்டின் வேலைக்கு வில்லை பொருந்தியதற்குக் காரணம் உண்டு. மூடிய குழாய், அசையாத வில்லை. இன்று ஒரு நட்சத்திரத்தின் இடத்தை அளந்தால் பத்து வருஷம் கழித்தும் அதே கருவியால் அதே நம்பிக்கையோடு அளக்கலாம். மினுக்க வேண்டியதில்லை. சிட்னி வானாய்வுக்கூடத்தில் 1874 இல் வைத்த 29 சென்ரிமீற்றர் வில்லையால் நானே சனியைப் பார்த்திருக்கிறேன். நூற்றாண்டு தாண்டிய வில்லை. வளையம் கத்தியால் வெட்டினது மாதிரித் தெரிந்தது. எங்கட சென்னையிலும் அக்காலத்தில் அப்படித்தான். சென்னை வானாய்வுக்கூடத்தில் வேலை பார்த்த சிந்தாமணி ரகுநாதாச்சாரி, ஒளி கூடிக் குறையும் ஒரு தென்வானத்து நட்சத்திரத்தை 1867 இல் கண்டுபிடித்தார். அங்கேயும் இடம் அளக்கும் வேலைக்கு வில்லைக் கருவிகள்தான் இருந்தன.

ஆனால் மெல்பேர்ண்காரருக்கு வேண்டியது இடம் அளப்பதல்ல. அவர்களுக்கு வேண்டியது புகைமூட்டம் போல மங்கலாகத் தெரியும் நெபுலாக்கள். அதற்கு வாய் அகன்ற கிடாரம் வேண்டும்.

தென்வானத்து நெபுலாக்களை முதலில் ஒழுங்காகப் பட்டியல் போட்டவர் ஜோன் ஹேர்ஷல். 1834 முதல் 1838 வரை தென்னாபிரிக்காவின் நன்னம்பிக்கை முனையில் குடும்பத்தோடு தங்கி, பதினெட்டு அங்குலச் சொச்ச உலோக ஆடி கொண்டு அதைச் செய்தார். இந்த நெபுலாக்கள் உருவம் மாறுகின்றனவா என்பது அந்தக் காலத்துப் பெரிய கேள்வி. அதை அறியப் பெரிய தொலைகாட்டி ஒன்றைத் தெற்கே வைக்க வேண்டும் என்று 1850களின் தொடக்கத்தில் இங்கிலாந்தில் ஒரு குழு அமைந்தது. அயர்லாந்தின் ஆமா வானாய்வுக்கூடத்து ரொபின்சன் அதற்கு முன்னின்றார். இங்கிலாந்து அரசாங்கம் காசு தரவில்லை. காசு இருந்த இடம் விக்டோரியா. 1851 இல் அங்கே தங்கம் எடுக்கத் தொடங்கியிருந்தார்கள். புதுப் பணக்காரக் குடியேற்ற நாடு, உலகத்துக்குத் தன்னைக் காட்டவும் வேண்டியிருந்தது. 1865 இல் விக்டோரியா பாராளுமன்றம் 5,000 பவுண் ஒதுக்கியது.

எப்படிப்பட்ட தொலைகாட்டி என்பதை லண்டனிலும் அயர்லாந்திலும் இருந்த பெரியவர்கள் தீர்மானித்தார்கள். வில்லையில் அவ்வளவு பெரிது அக்காலத்தில் செய்ய ஏலாது. ஆகவே ஆடி, 48 அங்குலம். டெபட்டின் வில்லையை விட இருநூறு மடங்குக்கு மேல் பரப்பு. இதுவரைக்கும் சரி. அடுத்த கேள்வியில்தான் வினை வந்தது: உலோக ஆடியா, வெள்ளி பூசிய கண்ணாடி ஆடியா?

உலோக ஆடி என்பது செம்பும் வெள்ளீயமும் சேர்ந்த வெண்கலம். ஆனால் எங்கட வீட்டுக் குத்துவிளக்கு மாதிரியான மஞ்சள் உலோகம் இல்லை. வெள்ளீயம் மூன்றில் ஒரு பங்களவு சேர்ப்பதால் வெள்ளையாக, கண்ணாடி மாதிரி நொறுங்கும் தன்மையோடு வரும். கேரளத்து ஆறன்முளையில் இதே மாதிரி உலோகத்தில் முகம் பார்க்கும் கண்ணாடி செய்கிறார்கள். திருநெல்வேலிப் பக்கத்துச் சங்கரன்கோவிலில் இருந்து போன கன்னார்தான் தங்கள் முன்னோர் என்று அந்தக் குடும்பங்கள் சொல்வதுண்டு. அந்த உலோகத்தைப் புதிதாக மினுக்கினாலும் விழுகிற ஒளியில் மூன்றில் இரண்டு பங்களவுதான் திரும்பி வரும். மெல்பேர்ண் தொலைகாட்டியில் இரண்டு ஆடிகள். மூன்றில் இரண்டில் மூன்றில் இரண்டு என்றால் பாதி கூட மிஞ்சாது. அதுவும் புதிதாக இருக்கும்போது. ஈரக்காற்றில் அது மங்கிக்கொண்டே போகும்.

மங்கினால் மினுக்கலாம்தானே என்று கேட்பீர்கள். இங்கேதான் விஷயம் இருக்கிறது. வருஷப்பிறப்புக்கு முதல்நாள் எங்கட வீடுகளில் பழப்புளியும் சாம்பலும் போட்டு விளக்கு மினுக்குவோம். என் அம்மம்மாவின் குத்துவிளக்கில் மேலே ஒரு அன்னம் இருந்தது. நான் சின்னப்பிள்ளையாக இருந்தபோதே அந்த அன்னத்துக்குக் கண்ணும் இல்லை, சொண்டும் தேய்ந்து விட்டது. மூன்று தலைமுறை மினுக்கின மினுக்கு. நான் இப்ப நிற்கும் பக்ரரியிலும் ஸ்ரெயின்லெஸ் ஸ்ரீல் சாமான்களைப் பொலிஷ் பண்ணும் பகுதியில்தான் வேலை. சில்லில் கொஞ்சம் கூட நேரம் பிடித்தால் விளிம்பு உருண்டு போகும். பார்வைக்குப் பளபளவென்று இருக்கும், அளவு பார்த்தால் குப்பைக்குள். மினுக்குவதென்றால் தேய்ப்பதுதான், வேறொன்றுமில்லை.

நாங்கள் பக்ரரியில் மில்லிமீற்றரில் நூறில் ஒரு பங்கு பிழைத்தால் பெரிய பிழை என்போம். தொலைகாட்டி ஆடியில் தலைமயிர்த் தடிப்பில் ஆயிரத்தில் ஒரு பங்கு பிழைத்தாலே படம் கெடத் தொடங்கும். ஆகவே உலோக ஆடியை மினுக்குவது என்பது ஆடியைத் திரும்பவும் முதலில் இருந்து செய்வது. நாலடி அகலத்தில், ஒரு தொன்னுக்கு மேல் பாரமான ஆடியில்.

கண்ணாடி ஆடியில் அப்படி இல்லை. கண்ணாடிக்கு ஒருக்கால் உருவம் கொடுத்துவிட்டு, மேலே மிக மெல்லிய வெள்ளிப் படலம் படிய வைப்பார்கள். வெள்ளி கறுத்தால் இரசாயனத்தால் கழுவிவிட்டுப் புதிதாகப் படிய வைக்கலாம். அடியிலுள்ள கண்ணாடியின் உருவத்தை யாரும் தொடுவதில்லை. ஒளியும் பத்தில் ஒன்பது பங்கு திரும்பி வரும். ஜேர்மனியில் ஸ்ரைன்ஹைலும் பிரான்சில் பூக்கோவும் 1856, 1857 அளவில் இதைச் செய்து காட்டினார்கள். 1860களின் தொடக்கத்தில் பூக்கோ 80 சென்ரிமீற்றர் ஆடி வரைக்கும் போய்விட்டார். மெல்பேர்ண் குழுவுக்கு இது தெரியாமல் இல்லை, யோசித்தார்கள். ஆனால் நாலடிக்கு யாரும் செய்து பார்க்காத விஷயத்தில் பொதுப் பணத்தைப் போட அவர்களுக்கு மனம் வரவில்லை. அவர்கள் பார்வையில் உலோகம்தான் பழகின பாதை.

அவர்களை முட்டாள்கள் என்று சொல்ல நான் வரவில்லை. நானும் அந்த இடத்தில் இருந்தால் பழகினதைத்தான் எடுத்திருப்பேனோ என்னவோ. ஆனால் ஒன்றை அவர்கள் கணக்கில் எடுக்கவில்லை என்பது என் எண்ணம். உலோக ஆடியால் சாதித்தவர்கள் எல்லாரும் யார்? தகப்பன் ஹேர்ஷல், மகன் ஹேர்ஷல், 1845 இல் ஆறடி ஆடி செய்த ரோஸ் பிரபு. எல்லாரும் தங்கள் ஆடியைத் தாங்களே வார்த்து, தாங்களே மினுக்கினவர்கள். மகன் ஹேர்ஷல் தென்னாபிரிக்காவுக்குப் போனபோது மூன்று ஆடிகளும் மினுக்கும் பொறியும் கூடவே கொண்டு போனார். ஒன்று மங்க மற்றதைப் போட்டு, மங்கினதைத் தன் கையாலேயே மினுக்கிக்கொண்டு நாலு வருஷம் ஓட்டினார். பார்க்கிறவனும் மினுக்கிறவனும் ஒரே ஆளாக இருக்கும் மட்டும் உலோக ஆடி நல்ல சாமான். மெல்பேர்ணில் பார்க்கிறவன் ஒரு ஆள், செய்தவன் பன்னிரண்டாயிரம் மைல் கடல்வழிக்கு அப்பால்.

செய்தவர் டப்ளினில் தோமஸ் கிறப், மகன் ஹவார்டோடு. 1866 இல் ஒப்பந்தம், 1868 இல் வேலை முடிவு. வார்த்த ஆடி வெடிக்காமல் இருக்க, சூளையில் வைத்து நாட்கணக்காக மெல்ல மெல்ல ஆற விட்டார்கள். ஒன்று மங்கும்போது மற்றதைப் போடலாம் என்று இரண்டு பெரிய ஆடிகள். தொலைகாட்டியின் அசையும் பகுதி மட்டும் எட்டுத் தொன் அளவு, ஆனாலும் ஒரு ஆள் கையால் திருப்பக் கூடியதாக அவ்வளவு நுணுக்கமாகச் சமன் செய்திருந்தார்கள். குழு போய்ப் பார்த்து நல்லது என்று சொன்னது. கூடவே நீராவியால் ஓடும் மினுக்கும் பொறியையும் அனுப்பினார்கள். கடற்காற்றில் ஆடி கெடாமல் இருக்க முகத்தில் அரக்கு வார்ணிஷ் பூசினார்கள். கப்பல் 1868 நவம்பரில் மெல்பேர்ண் வந்தது.

கூட வந்தவர் அல்பேர்ட் லெ சூயர் என்ற இளைஞர். டப்ளினில் நின்று வேலை பழகி, தொலைகாட்டியை இயக்குவதற்கென்றே அனுப்பப்பட்டவர். 1869 இல் தாவரவியற் பூங்காவுக்குப் பக்கத்தில் இருந்த மெல்பேர்ண் வானாய்வுக்கூடத்தில் தொலைகாட்டியை நிறுத்தினார்கள். அரக்கைக் கழற்ற வேண்டி வந்தது. கழற்றின பிறகு ஆடியின் முகம் டப்ளினில் இருந்த மாதிரி இல்லை. மங்கலும் தழும்புமாக இருந்தது. நட்சத்திரங்கள் கூராக வரவில்லை. உலகத்திலேயே இயங்கக்கூடிய பெரிய தொலைகாட்டிகளில் ஒன்று என்று ஊரெல்லாம் காத்திருந்த சாமான் அது. பத்திரிகைகள் விடுமா?

பிறகு நடந்ததைச் சொல்லத் தேவையில்லை, எந்தப் பக்ரரியிலும் நடக்கிறதுதான். செய்த பக்கம் சொன்னது, நாங்கள் நல்லதாகத்தான் அனுப்பினோம், அங்கே கழற்றினவர்கள் கெடுத்துப் போட்டார்கள் என்று. வாங்கின பக்கம் சொன்னது, தந்த சாமான் சரியில்லை என்று. நடுவில் நின்றவர் லெ சூயர். ஆடியைத் திரும்ப மினுக்கும் வேலையும் அவர் தலையில் விழுந்தது. பொறி இருந்தது, ஆனால் பொறியை ஓட்டினால் போதாது, கை பழக வேண்டும். முந்தி நான் நின்ற ஒரு வேலைத்தலத்தில் வெளிநாட்டில் இருந்து ஒரு மெசின் கொண்டுவந்து பூட்டினார்கள். கூட வந்த புத்தகத்தைத் தவிர அதைப் பற்றிச் சொல்ல ஆளில்லை. ஆறு மாதம் அதோடு மாரடித்த பெடியனைத்தான் கடைசியில் வீட்டுக்கு அனுப்பினார்கள். அந்த மெசினைத் தெரிவு செய்தவருக்கு ஒன்றும் நடக்கவில்லை. லெ சூயரைப் பற்றி வாசித்தபோது அந்தப் பெடியனின் முகம்தான் எனக்கு வந்தது. லெ சூயர் 1870 இல் வேலையை விட்டுவிட்டு இங்கிலாந்துக்குத் திரும்பினார்.

இத்தனைக்கும் தொலைகாட்டி ஒன்றும் செய்யவில்லை என்று சொல்வது அநியாயம். 1873 முதல் பத்து வருஷம் ஜோசப் டேர்னர் அதில் வேலை செய்தார். அவர் எடுத்த சந்திரப் படங்கள் அந்தக் காலத்தில் மிகவும் நல்லவை என்று பெயர் எடுத்தன. 1883 இல் இருந்து இத்தாலிக்காரர் பியத்ரோ பராக்கி. நெபுலாக்களைக் கண்ணால் பார்த்து, பென்சிலால் வரைந்தார்கள். 1885 இல் அவதானிப்புகளின் முதற்பாகம் புத்தகமாக வந்தது. அடுத்த பாகங்கள் அச்சேறவில்லை. ஆடிகள் மங்கிக்கொண்டு போயின. வானாய்வுக்கூடத்துத் தலைவர் ரொபேட் எலறி தானே மினுக்கப் பழகி, 1890 அளவில் ஆடியை மினுக்கி முடித்தார். அறுபது வயதைத் தாண்டிய உத்தியோகத்தர், சட்டைக் கையை மடித்துக்கொண்டு நின்றிருப்பார். இந்தக் கதையில் எனக்குப் பிடித்த ஆள் அவர்தான்.

ஆனால் நேரம் கடந்துவிட்டது. 1883 ஜனவரியில் இங்கிலாந்தில் கொமன் என்பவர் தன் வீட்டு வளவில் இருந்த 36 அங்குல வெள்ளி பூசிய கண்ணாடி ஆடியால் மிருகசீரிட மண்டலத்து நெபுலாவைப் படம் பிடித்தார். கண்ணுக்குத் தெரியாத நட்சத்திரங்கள் எல்லாம் அதில் விழுந்தன. இனிமேல் பென்சிலுக்கு வேலை இல்லை. மெல்பேர்ண் தொலைகாட்டியோ கண்ணால் பார்ப்பதற்கென்றே குவியத்தூரத்தை மிக நீளமாக வைத்துச் செய்தது. பயன்படும் குவியத்தூரம் 166 அடி. படம் பெரிதாக வரும், ஆனால் ஒளி பரந்து மங்கிவிடும். சந்திரனுக்குச் சரி, நெபுலாவைப் படம் பிடிக்கச் சரிவராது. போதாக்குறைக்கு கூரையைத் தள்ளித் திறந்தால் தொலைகாட்டி சுவருக்கு மேலால் காற்றில் நின்று ஆடும். ஸ்ட்ரோம்லோ மலையில் வேலை பார்த்த வானியலாளர் பென் காஸ்கொயின், பழியை எல்லாம் உலோக ஆடியில் போடுவது சரியல்ல என்று 1990களில் இந்தக் கதையைத் திரும்ப ஆராய்ந்து எழுதினார். அவர் சொல்வதில் நியாயம் இருக்கிறது. ஆனாலும் மங்காத ஆடியாக இருந்திருந்தால் மற்றக் குறைகளைத் திருத்த ஆட்களுக்கு நேரமும் மனமும் இருந்திருக்கும் என்றுதான் எனக்குப் படுகிறது.

இதன் விளைவு மெல்பேர்ணோடு நிற்கவில்லை. பெரிய ஆடி என்றாலே ஆக்கள் பயந்தார்கள். காசு எல்லாம் வில்லைக்குப் போனது. 1888 இல் கலிபோர்னியாவில் லிக் வானாய்வுக்கூடத்தில் 36 அங்குல வில்லை, 1897 இல் சிக்காகோவுக்குக் கிட்ட யேர்க்கீஸில் 40 அங்குல வில்லை. யேர்க்கீஸ் வில்லைக்குக் குழாய் மட்டும் அறுபது அடிக்கு மேல் நீளம். ஒழுங்காக வேலை செய்த வில்லைத் தொலைகாட்டிகளில் அதை விடப் பெரிது பிறகு வரவே இல்லை, வில்லை தன் பாரத்தாலேயே வளையத் தொடங்கும் எல்லை அதுதான். அமெரிக்காவில் ஆடி செய்வதில் கெட்டிக்காரரான றிச்சி 1904 இல், மெல்பேர்ண் தோல்வி தொலைகாட்டிகளின் வரலாற்றிலேயே மிகப் பெரிய கேடுகளில் ஒன்று, ஆடித் தொலைகாட்டியில் இருந்த நம்பிக்கையையே அது கெடுத்துப் போட்டது என்று கவலைப்பட்டு எழுதினார். அவரே 1908 இல் வில்சன் மலையில் 60 அங்குலக் கண்ணாடி ஆடியையும், 1917 இல் வேலைக்கு வந்த 100 அங்குல ஆடியையும் செய்து அந்தப் பயத்தைப் போக்கினார். அதற்குப் பிறகு கட்டிய பெரிய ஒளித் தொலைகாட்டிகள் எல்லாம் கண்ணாடி ஆடிதான். 1930களில் இருந்து வெள்ளிக்குப் பதில் அலுமினியம் பூசுகிறார்கள், அது கனகாலம் மங்காது.

1974 இல் எங்கட நியூ சவுத் வேல்ஸில் சைடிங் ஸ்பிரிங் மலையில் திறந்த 3.9 மீற்றர் ஆங்கில-அவுஸ்திரேலியத் தொலைகாட்டியின் ஆடியை உருவாக்கி மினுக்கினது எந்தக் கொம்பனி தெரியுமோ? கிறப் பார்சன்ஸ். அதே டப்ளின் கிறப்பின் பரம்பரைக் கொம்பனி, பிறகு இங்கிலாந்துக்கு வந்து நின்றது. தமிழ்நாட்டில் ஜவ்வாது மலையில் காவலூரில் 1986 இல் தொடக்கிய 2.34 மீற்றர் தொலைகாட்டிக்கு ஆடியைப் பெங்களூரிலேயே தேய்த்து மினுக்கினார்கள். கண்ணாடி ஜேர்மனியில் இருந்து வந்தது, கை உள்ளூர்க் கை. கொண்டாட வேண்டியது அதைத்தான்.

மெல்பேர்ண் வானாய்வுக்கூடம் 1944 இல் மூடப்பட்டது. தொலைகாட்டியைக் கன்பெராவுக்குப் பக்கத்து ஸ்ட்ரோம்லோ மலைக்கு 500 பவுணுக்கு விற்றார்கள், வாங்கின விலையில் பத்தில் ஒன்று. அங்கே கிறப்பின் இரும்புத் தாங்கிகளை வைத்துக்கொண்டு 50 அங்குலக் கண்ணாடி ஆடியைப் போட்டார்கள். 1992 முதல் 1999 வரை, எங்கள் பால்வீதியைச் சுற்றிக் கண்ணுக்குத் தெரியாமல் இருக்கும் இருண்ட பொருட்களைத் தேடும் பெரிய ஆராய்ச்சியில் அது ஒவ்வொரு இரவும் லட்சக்கணக்கான நட்சத்திரங்களைப் படம் பிடித்தது. தோற்றுப்போன தொலைகாட்டி என்று புத்தகங்களில் எழுதின சாமான், 120 வயதுக்குப் பிறகு ஆடி மாற்றினதும் நல்லாக வேலை செய்தது. 2003 ஜனவரி 18 ஆம் திகதி கன்பெராக் காட்டுத்தீ மலையில் ஏறியது. நாலு பேர் இறந்தார்கள், நூற்றுக்கணக்கான வீடுகள் எரிந்தன, ஸ்ட்ரோம்லோவின் தொலைகாட்டிகளும் எரிந்தன. கண்ணாடி ஆடி அழிந்தது. கிறப் டப்ளினில் வார்த்த இரும்பு மட்டும் எஞ்சியது. 2008 இல் அந்தப் பாகங்களை மெல்பேர்ண் அருங்காட்சியகத்தார் திரும்ப எடுத்துக்கொண்டு போனார்கள். அங்குள்ள வானியற் சங்கத்து ஆக்கள், கனபேர் இளைப்பாறினவர்கள், சம்பளமில்லாமல் வந்து நின்று அதைப் பொருத்தும் வேலையைத் தொடங்கினார்கள்.

இனி அண்ணையின் கேள்விக்கு வாறன். சந்திரனும் கிரகமும் மட்டும் பார்க்க, தூக்கி வைத்து உடனே பார்க்க, கவனிப்பில்லாமல் அலுமாரி மூலையில் கிடக்க என்றால் வில்லை நல்லது. ஆனால் மலிவு வில்லையில் நிறக்கரை கட்டும், நல்ல வில்லை என்றால் விலை எட்டாது. அதே காசுக்கு ஆடியில் இரண்டு மடங்கு அகலம் கிடைக்கும், நெபுலாவும் நட்சத்திரக் கூட்டமும் தெரியும். ஆனால் காரில் ஏற்றி இறக்கினால் பின்னால் உள்ள திருகுகளைத் திருப்பி ஆடியை நேராக்க வேண்டும். அதுக்குப் பொறுமை வேண்டும். பிள்ளைக்கு ஸ்பனர் பிடிக்கப் பழக்கலாம் என்று சொன்னேன். அண்ணை ஆடிதான் எடுத்தார். பலகைப் பெட்டியில் வைத்துத் திருப்புகிற ஆறு அங்குலம், பாவித்த சாமான், 280 டொலர்.

வில்லாவுட்டில் தெருவெளிச்சத்துக்குச் சந்திரனும் வியாழனும் தவிர ஒன்றும் சரிவரவில்லை. ஆகவே ஒரு சனிக்கிழமை இரவு இரண்டு குடும்பமாகச் சோறும் கட்டிக்கொண்டு வின்ட்சருக்கும் அப்பால் இருட்டான இடமாகப் பார்த்துப் போனோம். தெற்கே, சிலுவை மண்டலத்துக்குப் பக்கத்தில் கரீனா நெபுலா. லெ சூயர் அந்த மங்கின ஆடியால் பார்த்து, உருவம் மாறுகிறதோ என்று மண்டையைப் போட்டு உடைத்த அதே நெபுலா. பிள்ளை கனநேரம் கண்ணை எடுக்கவில்லை. "நடுவில கறுப்பாக் கிழிஞ்சிருக்கு, அப்பா" என்று சொன்னாள். பிறகு அண்ணை குனிந்து பார்த்துவிட்டு, ரோர்ச்சைக் குழாய்க்குள் அடித்து, "தம்பி, கண்ணாடியில கொஞ்சம் தூசி கிடக்குது" என்று பொக்கெற்றில் இருந்து லேஞ்சியை எடுத்தார்.

"ஐயோ அண்ணை, தொடாதையுங்கோ!" என்று நான் போட்ட சத்தத்தில் காருக்குள் நித்திரையாய்க் கிடந்த என் மகன் எழும்பி விட்டான்.